பெயரிடப்படாத தண்டனைகள்: ஒழுங்கு நடவடிக்கையிலும் பணியிட மாறுதலிலும் நடைமுறை நியாயம்

தமிழ்நாடு அரசு ஊழியர் ஒருவரைப் பணியிலிருந்து நீக்க வேண்டுமானால், தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் உள்ள 17(ஆ) பிரிவின்படி அவருக்கு முதலில் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வழங்கப்பட வேண்டும். அலுவலகங்களில் ‘பதினேழு பி’ என்று சொல்லப்படும் அந்தக் குறிப்பாணையோடு, தனித்தனியாக வரையறுக்கப்பட்ட குற்றச்சாட்டுகளும், ஒவ்வொன்றுக்கும் அடிப்படையான நிகழ்வுகளின் விவரமும், அவற்றை மெய்ப்பிக்கத் துறை முன்வைக்கப்போகும் ஆவணங்கள், சாட்சிகள் ஆகியவற்றின் பட்டியல்களும் இணைந்து வரும். ஊழியர் எழுத்து மூலம் விளக்கம் தரலாம், வாய்மொழி விசாரணை கோரலாம், சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்யலாம், விசாரணை அறிக்கையின் நகலைப் பெற்று அதன் மீதும் மறுப்பு எழுதலாம், இறுதி ஆணைக்குப் பிறகு மேல்முறையீடும் செய்யலாம். அதே ஊழியரைத் திருவள்ளூரிலிருந்து கன்னியாகுமரிக்கு அனுப்புவதற்கு ஒற்றைத் தாள் போதும். அதில் காரணமாகக் காணப்படுவது பெரும்பாலும் ‘நிர்வாக நலன் கருதி’ என்ற மூன்று சொற்கள்தான். பிற்பகலில் ஆணை வந்து, மாலைக்குள் விடுவிப்பாணையும் கைக்கு வந்துவிட்டால், அவர் விளக்கம் சொல்வதற்கான இடம் அந்த நடைமுறையில் எங்குமே இல்லை.

இந்த இரண்டு காகிதக் கட்டுகளுக்கும் இடையிலுள்ள தடிமன் வேறுபாடு இந்தியப் பணிச் சட்டத்தின் அடிப்படைக் குணத்தைக் காட்டுவது. சட்டம் ‘தண்டனை’ என்று பெயரிட்டவற்றைச் சுற்றி முக்கால் நூற்றாண்டாகப் பாதுகாப்புகளை எழுப்பிவந்திருக்கிறது; ஆனால் தண்டனை என்று பெயரிடப்படாத, விளைவில் தண்டனைக்கு நிகரான செயல்கள், அதாவது பணியிட மாறுதலும், நீளும் தற்காலிகப் பணிநீக்கமும், முடிவே காணாத விசாரணையும், அந்தப் பாதுகாப்புகளுக்கு வெளியே நடந்துகொண்டிருக்கின்றன. தண்டனைக்கான நடைமுறை கடினமாக ஆக ஆக, நடைமுறை தேவைப்படாத வழிகளை நோக்கி அதிகாரம் நகர்வது இயல்பு என்பதால், பாதுகாப்புகளின் வளர்ச்சியே இந்த நகர்வுக்கு ஒரு காரணம் என்று கொள்வதற்கும் இடமிருக்கிறது.

நடைமுறை நியாயம் என்பது ஒரு முடிவு சரியா தவறா என்பதைப் பற்றியதன்று. அந்த முடிவு எந்த வழியில் எட்டப்பட்டது என்பதைப் பற்றியது. இயற்கை நீதி என்று நீதிமன்றங்கள் குறிப்பிடும் இக்கோட்பாட்டுக்கு மரபாக இரண்டு கூறுகள் உண்டு: பாதிக்கப்படுபவரின் தரப்பைக் கேட்காமல் முடிவெடுக்கலாகாது என்பது ஒன்று, தன் வழக்கில் தானே நீதிபதியாக எவரும் அமரலாகாது என்பது மற்றொன்று. முடிவுக்கான காரணங்களைச் சொல்ல வேண்டும் என்பது மூன்றாவது கூறாகப் பின்னர் வளர்ந்தது. மாறுதலைப் பற்றிய சிக்கல் பெரும்பாலும் இந்த மூன்றாவது கூற்றில்தான் முட்டிக்கொண்டு நிற்கிறது.

அரசு ஊழியர் பணியின் தொடக்கக் கோட்பாடு ஊழியருக்குச் சாதகமானதாக இருக்கவில்லை. ஆங்கிலேய மரபின்படி அரசுப் பணியாளர் மன்னரின் விருப்பம் நீடிக்கும் வரை மட்டுமே பணியில் நீடிப்பார். காரணம் கேட்க அவருக்கு உரிமை கிடையாது. 1919ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டம் இவ்விருப்பத்தை விதிகளுக்கு உட்பட்டதாக ஆக்கியதுபோல் தோன்றினாலும், அவ்விதிகள் மீறப்பட்டால் நீதிமன்றம் தலையிடுமா என்ற கேள்வி எஞ்சி நின்றது. அதற்கு விடை கிடைத்தது சென்னையிலிருந்து போன ஒரு வழக்கில். சென்னை அரசு அச்சகத்தில் பணியாற்றிய ஒருவர், விதிகள் கோரிய விசாரணை நடத்தப்படாமலேயே தாம் நீக்கப்பட்டதாக முறையிட்டு லண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றார். விதிகள் ஊழியருக்கு அளிக்கப்பட்ட உறுதிமொழிதான் என்றும், ஆனால் அது மீறப்பட்டதற்காக நீதிமன்றத்தில் வழக்காட இயலாது என்றும் 1930களில் அந்த அவை முடிவு செய்தது. விதி இருக்கிறது, அதை மீறுவது தவறுதான், ஆனால் பரிகாரம் இல்லை என்ற இந்த நிலை தண்டனை விஷயத்தில் மறைந்துவிட்டாலும், மாறுதல் விஷயத்தில் ஏறக்குறைய அப்படியே இன்றும் உயிரோடிருப்பதைப் பின்னர் காணலாம்.

1935ஆம் ஆண்டுச் சட்டத்தின் 240ஆம் பிரிவு, பதவி இறக்கத்துக்கும் நீக்கத்துக்கும் முன்பு தன் தரப்பைச் சொல்ல நியாயமான வாய்ப்பு அளிக்கப்பட வேண்டும் என்பதைச் சட்டத்திலேயே எழுதியது. அரசியலமைப்பு அதை 311ஆம் உறுப்பாக ஏற்றுக்கொண்டது. விருப்பக் கோட்பாட்டை 310ஆம் உறுப்பில் தக்கவைத்துக்கொண்டு, அதற்கு அடுத்த உறுப்பிலேயே அதன் பல்லைப் பிடுங்கியது அரசியலமைப்பு அவையின் விசித்திரமான சமரசம். நியமித்த அதிகாரியைவிடத் தாழ்ந்த நிலையிலுள்ளவர் எந்த ஊழியரையும் நீக்கக் கூடாது. குற்றச்சாட்டுகளைத் தெரிவித்து, விசாரணை நடத்தி, நியாயமான வாய்ப்பளித்த பிறகே மூன்று வகைத் தண்டனைகளை விதிக்கலாம். அவை பணியறவு, பணிநீக்கம், பதவி இறக்கம் ஆகியன. முதல் இரண்டுக்கும் உள்ள வேறுபாடு, பணியறவு செய்யப்பட்டவர் பொதுவாக மீண்டும் அரசுப் பணிக்கு வர இயலாது, பணிநீக்கம் செய்யப்பட்டவருக்கு அத்தடை இல்லை என்பதாகும். தண்டனையின் அளவு குறித்துத் தனியாக இரண்டாவது வாய்ப்பு அளிக்க வேண்டும் என்றிருந்த நிலையை 1976ஆம் ஆண்டின் 42ஆவது திருத்தம் அகற்றியது. இவ்வுறுப்பு குடிமைப் பணியாளர்களுக்கு மட்டுமே உரியது; பொதுத்துறை நிறுவன ஊழியருக்கோ தனியார் நிறுவன ஊழியருக்கோ பொருந்தாது.

‘நியாயமான வாய்ப்பு’ என்ற இரு சொற்களுக்குள் எவ்வளவு அடங்கும் என்பதை அடுத்த அரைநூற்றாண்டின் வழக்குகள் ஒவ்வொன்றாக நிரப்பின. அவற்றுள் தொடக்க கால வழக்கு ஒன்று விரிவாகச் சொல்லத்தக்கது. உத்தரப் பிரதேசக் காவல் துறையில் ஒரு காவலர் மீதான விசாரணையில், சாட்சி ஒருவர் துறைக்குப் பாதகமாகப் பேசியதும், விசாரணையை நடத்திக்கொண்டிருந்த அதிகாரியே எழுந்து, அந்தச் சாட்சியின் கூற்றை மறுத்துத் தாமே சாட்சியம் அளித்தார். பிறகு மீண்டும் தம் இருக்கையில் அமர்ந்து, தம் சாட்சியத்தையும் சேர்த்து எடைபோட்டு, காவலரைக் குற்றவாளி என்று முடிவு செய்தார். 1957இல் இவ்வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தபோது, இயற்கை நீதிக்கு இதைவிடப் பகிரங்கமான மீறல் இருக்க முடியாது என்பதில் நீதிபதிகளுக்கு ஐயமில்லை. ஆயினும் காவலர் தோற்றார்: அவர் நீக்கப்பட்டது 1948இல், அரசியலமைப்பு நடைமுறைக்கு வருவதற்கு முன்பு, உயர் நீதிமன்றங்களுக்குப் பேராணை அதிகாரத்தைத் தந்த 226ஆம் உறுப்பு பின்னோக்கிச் செல்லாது என்று பெரும்பான்மை நீதிபதிகள் கருதினர். கோட்பாடு வென்று ஊழியர் தோற்பது பணிச் சட்டத்தில் அடிக்கடி காணக்கூடிய காட்சி.

விசாரணை அதிகாரி துறையின் பிரதிநிதி அல்லர், சார்பற்ற தீர்ப்பாளர் நிலையிலிருப்பவர் என்பதை உச்ச நீதிமன்றம் 2010இல் உத்தரப் பிரதேச வழக்கொன்றில் மீண்டும் தெளிவாகச் சொல்ல வேண்டியிருந்தது. ஊழியர் விசாரணைக்கே வராவிட்டாலும், துறையின் சாட்சியங்களை மட்டும் கொண்டு குற்றச்சாட்டு மெய்ப்பிக்கப்படுகிறதா என்று பார்ப்பது விசாரணை அதிகாரியின் கடமை என்றும் அத்தீர்ப்பு கூறியது. நடைமுறையில் விசாரணை அதிகாரி பெரும்பாலும் அதே துறையில், அதே மேலதிகாரியின் கீழ் பணியாற்றுபவர். அவரது பதவி உயர்வும் மாறுதலும் அந்த மேலதிகாரியின் கையில் இருக்கும். துறையின் வழக்கை எடுத்துரைக்கத் தனி அலுவலர் நியமிக்கப்படாத இடங்களில், சாட்சியிடம் கேள்வி கேட்பவரும் விடையை மதிப்பிடுபவரும் ஒருவராகவே இருப்பார். இப்படி விசாரணை அதிகாரியே வழக்கு நடத்துபவராகவும் மாறிவிட்டால் விசாரணை செல்லாது என்று 2018இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. சார்பின்மை ஒரு மனிதரின் நேர்மையை மட்டும் சார்ந்ததன்று. அவர் யாருக்கு அஞ்ச வேண்டியிருக்கிறது என்பதையும் சார்ந்தது.

விசாரணை அறிக்கையின் நகலை ஊழியருக்குத் தர வேண்டும் என்பது இன்று சாதாரணமாகத் தோன்றலாம். ஆனால் அது உறுதிப்பட்டது 1990களில்தான். 42ஆவது திருத்தத்துக்குப் பிறகு அறிக்கையைத் தர வேண்டியதில்லை என்று பல துறைகள் கருதின. அரசியலமைப்பு அமர்வு 1993இல் எலெக்ட்ரானிக்ஸ் கார்ப்பரேஷன் நிறுவனத்துக்கு எதிரான கருணாகர் வழக்கில், தண்டனை வழங்கும் அதிகாரியின் மனத்தைப் பாதிக்கக்கூடிய எந்த ஆவணமும் ஊழியரின் முதுகுக்குப் பின்னால் போய்ச் சேரக் கூடாது என்ற அடிப்படையில் அறிக்கையைக் கட்டாயமாக்கியது. அரசு ஊழியர், பொதுத்துறை ஊழியர், தனியார் ஊழியர் என்ற பாகுபாடின்றி அனைவருக்கும் இது பொருந்தும் என்றது. ஐந்தாண்டுகள் கழித்து, பஞ்சாப் நேஷனல் வங்கி வழக்கில், விசாரணை அதிகாரி ஊழியரைக் குற்றமற்றவர் என்று சொல்லியும் தண்டனை வழங்கும் அதிகாரி அதை ஏற்க மறுத்தால், அம்மறுப்புக்கான தற்காலிகக் காரணங்களை முன்கூட்டியே ஊழியருக்குத் தெரிவித்து விளக்கம் பெற வேண்டும் என்ற விதியும் சேர்ந்தது.

மெய்ப்பிப்பின் தரத்தில் ஊழியருக்கு இத்தனை தயவு இல்லை. குற்றவியல் வழக்கில் ஐயத்துக்கிடமின்றி மெய்ப்பிக்க வேண்டும். துறை விசாரணையில் நடந்திருக்கக்கூடியதே அதிகம் என்று தோன்றினால் போதும். அரியானாவில் பேருந்து நடத்துநர் ஒருவரின் வண்டியில் பயணச்சீட்டில்லாத பயணிகள் பிடிபட்ட வழக்கில், அப்பயணிகளில் ஒருவரைக்கூட விசாரிக்கவில்லை என்ற வாதத்தை உச்ச நீதிமன்றம் 1977இல் ஏற்கவில்லை; சோதனை ஆய்வாளரின் சாட்சியமே போதுமானதாயிற்று. சாட்சியச் சட்டத்தின் நுணுக்கங்கள் துறை விசாரணையைக் கட்டுப்படுத்தா என்பது நியாயமான நிலைதான். வழியில் ஏறி இறங்கிய பயணியைத் தேடிப் பிடித்து விசாரணைக்கு அழைத்துவருவது எளிதன்று. ஆனால் சாட்சியத்தின் தரம் இவ்வாறு தளர்த்தப்படும்போது, நடைமுறையின் தரம் அதற்கு ஈடாக இறுக்கமாக இருக்க வேண்டும் அல்லவா? இந்த எதிர்பார்ப்புக்கு மாறாக, 1996இல் ஸ்டேட் பாங்க் ஆஃப் பாட்டியாலா வழக்கு, நடைமுறை மீறல் நிகழ்ந்தது என்பது மட்டும் போதாது, அதனால் தமக்குப் பாதகம் ஏற்பட்டது என்பதையும் ஊழியர் காட்ட வேண்டும் என்ற சோதனையை வகுத்தது. சிறு தவறுகளைப் பிடித்துக்கொண்டு நேர்மையான விசாரணைகளைக் கலைப்பதை இது தடுக்கிறது என்பது உண்மை. ஆனால் தரப்படாத ஆவணத்தில் என்ன இருந்தது என்று அறியாதவர், அது தரப்படாததால் தமக்கு என்ன பாதகம் என்பதை எப்படிக் காட்டுவார் என்ற கேள்விக்கு அச்சோதனை திருப்தியான விடை தருவதில்லை.

இவையெல்லாம் விசாரணைக்குள் நடப்பவை. உண்மையில் பெரும்பாலான ஊழியர்களை வாட்டுவது விசாரணையின் உள்ளடக்கத்தைவிட அது எடுத்துக்கொள்ளும் காலம். 17(ஆ) குறிப்பாணை நிலுவையில் இருக்கும் வரை பதவி உயர்வுக்கான தேர்ந்தோர் பட்டியலில் பெயர் சேர்வது தடைபடும்; இளையவர்கள் முந்திச் செல்வார்கள்; ஓய்வு பெற வேண்டிய வயது வந்தும் ஓய்வுப் பலன்கள் கைக்கு வாரா. குற்றச்சாட்டு மெய்ப்பிக்கப்பட்டிருந்தால் கிடைத்திருக்கக்கூடிய தண்டனை வெறும் கண்டனமோ, ஓராண்டு ஊதிய உயர்வு நிறுத்தமோ ஆக இருக்கலாம். நிலுவை தந்துவிடும் இழப்பு அதைவிடப் பல மடங்கு. தமிழ்நாடு வீட்டுவசதி வாரியத்தின் பொறியாளர் ஒருவருக்கு, 1990இல் நடந்ததாகச் சொல்லப்பட்ட முறைகேட்டுக்காக 2000இல் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்தது. பத்தாண்டுத் தாமதத்துக்கு ஏற்கத்தக்க விளக்கம் இல்லாததால் 2005இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தபோது, துறையின் தவறுக்கு ஊழியரைத் துன்பப்படுத்தக் கூடாது என்பதைக் காரணமாகச் சொன்னது. 2015 டிசம்பரில், ஒன்பதாண்டுகளுக்கு மேல் தற்காலிகப் பணிநீக்கத்திலேயே காலம் தள்ளிய டெல்லி நீதித்துறை ஊழியர் ஒருவரின் வழக்கில், விசாரணையை ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும், தவிர்க்க இயலாத நிலையிலும் ஓராண்டைத் தாண்டக் கூடாது என்று அதே நீதிமன்றம் அறிவுறுத்தியது. அறிவுறுத்தல் என்ற சொல்லைக் கவனிக்க வேண்டும். காலவரையறையைத் தாண்டிய விசாரணை தானாகவே காலாவதியாகிவிடும் என்று அத்தீர்ப்பு சொல்லவில்லை.

தமிழ்நாட்டில் இதன் மிகக் கசப்பான வடிவம், ஓய்வுபெறும் நாளன்றே ஊழியரைத் தற்காலிகப் பணிநீக்கம் செய்யும் வழக்கம். பிரிவுபசார விழாவுக்கு மாலை வாங்கி வைத்திருக்கும் அலுவலகத்துக்கு மதியத்துக்கு மேல் ஆணை வரும். அடிப்படை விதி 56இன் கீழ் அவர் ஓய்வுபெற அனுமதிக்கப்படாமல், விசாரணை முடியும் வரை பணியில் நிறுத்திவைக்கப்படுவார். பல ஆண்டுகளாகக் கோப்பில் உறங்கிய புகார் கடைசி நாளில் விழித்துக்கொள்வதற்கு நிர்வாகம் சொல்லக்கூடிய நேர்மையான காரணம் எதுவும் கிடையாது. ஊழியர் சங்கங்களின் நீண்ட காலக் கோரிக்கைக்குப் பிறகு, இவ்வாறு கடைசி நாளில் நடவடிக்கை எடுப்பதைத் தவிர்க்க வேண்டும் என்று 2021இல் அரசு ஆணையிட்டது.

தற்காலிகப் பணிநீக்கம் சட்டத்தின் கண்ணில் தண்டனை அன்று. விசாரணைக்கு ஊழியர் இடையூறு செய்யாதிருக்க அவரை ஒதுக்கிவைக்கும் ஏற்பாடு. அதனால் அதற்கு முன் விளக்கம் கேட்க வேண்டியதில்லை. இக்காலத்தில் ஊதியத்துக்குப் பதிலாகப் பிழைப்பூதியம் வழங்கப்படும். தொடக்கத்தில் அது ஊதியத்தில் பாதி அளவுக்குத்தான் இருக்கும். அதுவும் தரப்படாவிட்டால் என்ன ஆகும் என்பதைக் கோலார் தங்கவயல் வழக்கு காட்டியது. பாரத் கோல்டு மைன்ஸ் நிறுவனத்தின் பாதுகாப்பு அதிகாரி ஒருவரின் வீட்டில் 1985இல் நடந்த சோதனையில் தங்கமும் தங்கத்துகள் கலந்த மணலும் கிடைத்ததாகக் குற்றவியல் வழக்கும் துறை விசாரணையும் ஒருசேரத் தொடங்கின. பிழைப்பூதியம் வழங்கப்படாததால், விசாரணை நடந்த இடத்துக்குப் பயணம் செய்யக்கூட அவரிடம் பணம் இல்லை. அவர் இல்லாமலேயே விசாரணை முடிந்து பணியறவும் செய்யப்பட்டார். அதே சோதனை, அதே சாட்சிகள் அடிப்படையிலான குற்றவியல் வழக்கில் பின்னர் விடுதலையானார். 1999இல் உச்ச நீதிமன்றம், பிழைப்பூதியத்தை மறுப்பது வாழ்வுரிமையையே மறுப்பதாகும் என்று கூறி விசாரணை முழுவதையும் செல்லாததாக்கியது. குற்றம் சுமத்தப்பட்டு 14 ஆண்டுகள் கழிந்திருந்தன. 2015இல் வந்த மற்றொரு தீர்ப்பு, குற்றச்சாட்டுக் குறிப்பாணை வழங்காமல் தற்காலிகப் பணிநீக்கத்தை மூன்று மாதங்களுக்கு மேல் நீட்டிக்கக் கூடாது என்றது. தமிழ்நாட்டில் அரசு ஊழியர்களின் வழக்குரைஞர்கள் இன்று மிக அதிகமாக மேற்கோள் காட்டும் தீர்ப்புகளில் அது ஒன்று.

விசாரணையே தேவையில்லை என்று 311ஆம் உறுப்பே சொல்லும் மூன்று நிலைகள் உண்டு: குற்றவியல் தண்டனை பெற்றிருப்பது, விசாரணை நடத்துவது நடைமுறையில் இயலாது என்று அதிகாரி கருதுவது, நாட்டின் பாதுகாப்பு. 1974 ரயில்வே வேலைநிறுத்தத்துக்குப் பின் ஏராளமான ஊழியர்கள் இவ்வழியை ஒத்த ரயில்வே விதியின் கீழ் வெளியேற்றப்பட்டனர். 1985இல் துளசிராம் படேல் வழக்கில் அரசியலமைப்பு அமர்வு இவ்விலக்கை விரிவாக ஏற்றுக்கொண்டு, காரணங்களை எழுதிவைக்க வேண்டும் என்ற கட்டுப்பாட்டை மட்டும் வலியுறுத்தியது. தமிழ்நாட்டின் அனுபவம் இதைவிடப் பெரியது. 2003 ஜூலை வேலைநிறுத்தத்தின்போது, அத்தியாவசியப் பணிகள் பராமரிப்புச் சட்டத்தைத் திருத்திய அவசரச் சட்டத்தின் துணையோடு, ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட ஊழியர்களும் ஆசிரியர்களும் குறிப்பாணையோ விசாரணையோ இன்றி ஒரே வீச்சில் நீக்கப்பட்டனர். அவர்களை நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகச் சொன்னது உயர் நீதிமன்றம். அவ்வளவு பேருக்கு அத்தீர்ப்பாயத்தால் நீதி வழங்க இயலாது என்பதை ஏற்ற உச்ச நீதிமன்றம், அரசு ஊழியருக்கு வேலைநிறுத்த உரிமை கிடையாது என்று ஆகஸ்டில் தீர்ப்பளித்தது. பெரும்பாலானோர் மீண்டும் பணிக்கு வந்தது, அரசு நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டதன் பேரிலும், இனி வேலைநிறுத்தம் செய்வதில்லை என்று எழுதிக் கொடுத்ததன் பேரிலும்தான். ஊழியரின் அரசியலமைப்புப் பாதுகாப்பு ஒருவரை நீக்கும்போது உறுதியாகவும், லட்சம் பேரை நீக்கும்போது நெகிழ்ந்தும் நிற்கக்கூடியது என்பது அந்த ஆண்டில் வெளிப்பட்டது.

மாறுதலுக்கு வந்தால், அதுபற்றிய நீதிமன்றச் சிந்தனையின் மையத்தில் இருப்பதும் ஒரு தமிழ்நாட்டு வழக்கே. மாநிலத்தின் தலைமைச் செயலாளராக இருந்த ஈ.பி. ராயப்பா, 1971 ஏப்ரலில் மாநிலத் திட்டக் குழுவின் துணைத் தலைவராகவும், அடுத்த ஆண்டு விற்பனை வரிச் சட்டங்களைச் சீரமைப்பதற்கான தனி அலுவலராகவும் மாற்றப்பட்டார். அரசியல் காழ்ப்பே இதற்குக் காரணம் என்றும், புதிய பதவிகள் தலைமைச் செயலாளர் பதவிக்கு நிகரானவை அல்ல என்றும் அவர் நேரடியாக உச்ச நீதிமன்றத்தை நாடினார். 1973 நவம்பரில் வந்த அந்தத் தீர்ப்பில்தான், சமத்துவமும் தன்னிச்சையும் ஒன்றுக்கொன்று பகை என்ற, பின்னாளில் இந்திய நிர்வாகச் சட்டம் முழுவதையும் மாற்றியமைத்த கருத்தை நீதிபதி பகவதி முன்வைத்தார். மேனகா காந்தி வழக்கு முதற்கொண்டு எத்தனையோ வழக்குகளில் குடிமக்கள் வென்றதற்கு இக்கருத்து துணை நின்றது. ராயப்பா மட்டும் தோற்றார். தீய நோக்கத்தைக் குற்றம் சாட்டுபவர்தான் அதை மெய்ப்பிக்க வேண்டும், அந்தச் சுமை மிகப் பெரியது, ஐயம் மெய்ப்பிப்பின் இடத்தைப் பிடித்துக்கொள்ள முடியாது என்றது நீதிமன்றம். மாநிலத்தின் கோப்புகள் அனைத்தையும் பார்த்த தலைமைச் செயலாளரால் மெய்ப்பிக்க முடியாததை, ஓர் இளநிலை உதவியாளரோ சத்துணவு அமைப்பாளரோ எப்படி மெய்ப்பிப்பார் என்று அத்தீர்ப்பைப் படிப்பவருக்குத் தோன்றாமல் போகாது.

அதன் பிறகு வந்த தீர்ப்புகள் ஒரே தடத்தில் சென்றன. மாறுதல் பணியின் இயல்பான கூறு. மாற்றத்தக்க பணியிடத்தில் இருப்பவருக்கு ஓரிடத்திலேயே நீடிக்கும் உரிமை இல்லை. அதிகாரம் இல்லாதவர் ஆணையிட்டிருந்தாலோ, சட்ட விதி மீறப்பட்டிருந்தாலோ, தீய நோக்கம் மெய்ப்பிக்கப்பட்டாலோ மட்டுமே நீதிமன்றம் தலையிடும். இந்திய தாவரவியல் அளவீட்டுத் துறையின் ஷில்லாங் ஊழியர் ஒருவரின் வழக்கில் 1993இல், கணவனும் மனைவியும் ஒரே ஊரில் பணியாற்ற வகை செய்யும் அரசின் நெறிமுறைகள் வெறும் வழிகாட்டிகளே, அவற்றைச் சட்ட உரிமையாக நிலைநாட்ட இயலாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. 1930களில் லண்டனிலிருந்து வந்த விடைக்கும் இதற்கும் அதிக தூரமில்லை.

நீதிமன்றங்களின் தயக்கத்துக்குக் காரணம் இல்லாமல் இல்லை. லட்சக்கணக்கான பணியிடங்களை எப்படி நிரப்புவது என்பதை வழக்கு மன்றம் தீர்மானிக்க முடியாது. மலைக் கிராமப் பள்ளிக்கும் கடலோர ஆரம்ப சுகாதார நிலையத்துக்கும் யாராவது போயாக வேண்டும். ஒவ்வொரு மாறுதலுக்கும் முன் விசாரணை என்றால் நிர்வாகம் நின்றுவிடும். சாட்சிகளை மிரட்டக்கூடிய ஊழியரை விசாரணைக் காலத்தில் வேறிடத்துக்கு அனுப்புவது, அவரைத் தற்காலிகப் பணிநீக்கம் செய்வதைவிட மென்மையான வழியும்கூட. ஆனால் இந்தக் காரணங்கள் எல்லாம் உண்மையான நிர்வாக மாறுதலுக்குப் பொருந்துபவை. ‘தண்ணியில்லாத காட்டுக்கு மாற்றிவிடுவேன்’ என்று மேடையிலும் தொலைபேசியிலும் அதிகாரம் படைத்தவர்கள் மிரட்டும்போது, அவர்கள் நிர்வாக நலனைப் பற்றிப் பேசவில்லை என்பது மிரட்டுபவருக்கும் மிரட்டப்படுபவருக்கும் நன்றாகவே தெரியும். கல்வியாண்டின் நடுவே பிள்ளைகளின் பள்ளியை மாற்றுவதும், முதிய பெற்றோரை விட்டுச் செல்வதும், இரண்டு ஊர்களில் வாடகை கொடுப்பதும் ஓராண்டு ஊதிய உயர்வை இழப்பதைவிடப் பெரிய இழப்புகள். ஆனால் ஊதிய உயர்வை நிறுத்தக் குறிப்பாணையும் விளக்கமும் தேவை, இதற்குத் தேவையில்லை.

2008இல் ஒரு சிறிய கதவு திறந்தது. போபாலில் பணியாற்றிய கலால் துறை அதிகாரி ஒருவர், பெயரில்லாத புகார் ஒன்றின் அடிப்படையில் ஷில்லாங்குக்கு மாற்றப்பட்டார். விசாரித்தபோது புகாரில் உண்மை இல்லை என்று தெரிந்தது. குறிப்பிட்ட மனிதரின் வன்மம் மெய்ப்பிக்கப்படாவிட்டாலும், தண்டனைக்குப் பதிலாக மாறுதலைப் பயன்படுத்துவதே சட்டத்தின் பார்வையில் தீய நோக்கம் என்று உச்ச நீதிமன்றம் அந்த ஆணையை ரத்து செய்தது. இதன் முக்கியத்துவம் மெய்ப்பிக்கும் சுமையை இடம் மாற்றியதில் இருக்கிறது: ‘யார், எதற்காகப் பழிவாங்கினார்’ என்பதை ஊழியர் காட்ட வேண்டிய நிலையிலிருந்து, ‘இந்த மாறுதலுக்குப் புகாரைத் தவிர வேறு என்ன காரணம்’ என்பதை நிர்வாகம் சொல்ல வேண்டிய நிலைக்கு வழக்கு நகர்ந்தது. 2020இல் இந்தோர் வழக்கில் இது மேலும் தெளிவாயிற்று. பஞ்சாப் அண்டு சிந்து வங்கியின் பெண் முதன்மை மேலாளர் ஒருவர், தம் கிளையில் மதுபான ஒப்பந்தக்காரர்களின் கணக்குகளில் நடந்த முறைகேடுகளை மேலிடத்துக்கு எழுதியிருந்தார். மேலதிகாரி மீது பாலியல் துன்புறுத்தல் புகாரும் அளித்திருந்தார். ஜபல்பூர் மாவட்டத்தின் ஒரு சிறிய கிளைக்கு, தம் தரத்தைவிட மிகத் தாழ்ந்த நிலை அலுவலருக்குரிய இடத்துக்கு அவர் மாற்றப்பட்டார். புகார் கொடுத்ததற்கான பழிவாங்கலே இது என்று கண்ட நீதிமன்றம் மாறுதலை ரத்து செய்ததோடு, அவரை இந்தோரிலேயே ஓராண்டு பணியமர்த்தவும் ஆணையிட்டது. புகார்க் கடிதங்களும், தேதிகளும், பணியிடத்தின் தரமும் எழுத்தில் இருந்ததால் அவரால் வெல்ல முடிந்தது. வாய்மொழியாக மிரட்டப்பட்ட ஊழியரிடம் இவற்றில் எதுவும் இருக்காது.

தொழிலாளர் சட்டம் இவ்விஷயத்தில் பணிச் சட்டத்தைவிடத் தெளிவாகப் பேசியிருக்கிறது. தொழில் தகராறுகள் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை, நிர்வாகக் கொள்கை என்ற போர்வையில் தொழிலாளரைத் தீய நோக்கோடு ஓரிடத்திலிருந்து மற்றோரிடத்துக்கு மாற்றுவதை முறையற்ற தொழிலாளர் நடைமுறைகளுள் ஒன்றாகப் பெயர் சொல்லியே குறிப்பிட்டது. சங்கம் தொடங்கியவரை மறுநாளே வெளிமாநிலக் கிளைக்கு அனுப்பும் பழைய உத்தியைச் சட்டம் இயற்றியவர்கள் அறிந்திருந்தனர். 2020ஆம் ஆண்டின் தொழிலுறவுத் தொகுப்புச் சட்டம், 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்தபோது, இப்பட்டியலைத் தக்கவைத்துக்கொண்டது. தற்காலிகப் பணிநீக்கம் செய்யப்பட்ட தொழிலாளர் மீதான விசாரணையைச் சாதாரணமாகத் தொண்ணூறு நாட்களுக்குள் முடிக்க வேண்டும் என்பதையும் சட்டமாக்கியது. அதே சமயம் நிலையாணைகள், அதாவது பணி நிபந்தனைகளையும் ஒழுங்கு நடைமுறையையும் எழுதிவைக்கும் கட்டாயம், 300 தொழிலாளர்களுக்குக் குறைவான நிறுவனங்களுக்கு இல்லாமல் போயிற்று. நடைமுறை எழுதப்பட்டிராத இடத்தில் நடைமுறை நியாயத்தைக் கோருவது கடினம்.

அரசுப் பணியில் மாறுதலை நெறிப்படுத்த எடுக்கப்பட்ட முயற்சிகள் மேல்தட்டிலிருந்தே தொடங்கின. 2006இல் பிரகாஷ் சிங் வழக்கில் காவல் துறைத் தலைமைக்கும் முக்கியக் களப் பதவிகளுக்கும் குறைந்தது ஈராண்டுப் பதவிக்காலமும், மற்றவர்களின் மாறுதலை முடிவு செய்யக் காவல் பணியமைப்பு வாரியமும் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. 2013 அக்டோபரில், ஓய்வுபெற்ற 83 அதிகாரிகள் தொடுத்த டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் வழக்கில், குடிமைப் பணிகள் வாரியமும் குறைந்தபட்சப் பதவிக்காலமும் தேவை என்றதோடு, வாய்மொழி உத்தரவுகளை அதிகாரிகள் எழுத்தில் பதிவு செய்ய வேண்டும் என்றும் கூறியது. அடுத்த ஆண்டே இந்திய ஆட்சிப் பணி விதிகள் திருத்தப்பட்டன. மாவட்ட ஆட்சியருக்குக் கிடைத்த இந்தப் பாதுகாப்பு அவர் அலுவலகத்துத் தட்டச்சருக்குக் கிடைக்கவில்லை.

கீழ்நிலை ஊழியரையும் உள்ளடக்கிய சட்டங்கள் சில மாநிலங்களில் இயற்றப்பட்டன. மகாராஷ்டிரத்தின் 2005ஆம் ஆண்டுச் சட்டம் சாதாரணப் பதவிக்காலத்தை மூன்றாண்டு என்று வரையறுத்து, ஏப்ரல், மே மாதங்களில் மட்டுமே மாறுதல் செய்யப்பட வேண்டும் என்றும், இடைக்காலத்தில் மாற்ற நேர்ந்தால் காரணங்களை எழுத்தில் பதிந்து அடுத்த மேல்நிலை அதிகாரியின் முன் அனுமதி பெற வேண்டும் என்றும் விதித்தது. கர்நாடகத்தின் 2007ஆம் ஆண்டுச் சட்டம் ஆசிரியர் மாறுதலைக் கலந்தாய்வின் வழியே நடத்தச் செய்தது. தமிழ்நாட்டிலும் ஆசிரியர்களுக்கான பொது மாறுதல் கலந்தாய்வு ஆண்டுதோறும் நடக்கிறது; காலியிடப் பட்டியல் வெளியாகி, முன்னுரிமை வரிசைப்படி ஆசிரியர்கள் தாமே இடத்தைத் தேர்வு செய்யும் அம்முறை, சிபாரிசுக் கடிதங்களுக்காக அலைந்த காலத்தை அறிந்தவர்களுக்குப் பெரிய மாற்றம். பெருந்திரளான மாறுதல்களை வெளிப்படையாக நடத்துவது நிர்வாகத்துக்கு இயலாத காரியம் அன்று என்பதற்கும் அதுவே சான்று. ஆனால் அது அரசாணையின் வழியே நடப்பது. அதற்கு வெளியே ‘நிர்வாக மாறுதல்’ என்ற தனி வழி திறந்தே இருக்கிறது. அரசாணை மீறப்பட்டால், அது சட்ட விதி அன்று, வழிகாட்டிதான் என்ற விடை நீதிமன்றத்தில் காத்திருக்கிறது.

புதிய சட்டம் வரும்வரை கையிலிருக்கும் கருவி ஒன்று போதிய அளவு பயன்படுத்தப்படவில்லை. 2005ஆம் ஆண்டுத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 4(1)(ஈ) பிரிவு, ஒவ்வொரு பொது அதிகார அமைப்பும் தன் நிர்வாக முடிவுகளுக்கான காரணங்களை அம்முடிவால் பாதிக்கப்படுபவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்கிறது. விண்ணப்பித்த பிறகு தர வேண்டிய தகவலாக அன்றி, அமைப்பு தானாகவே நிறைவேற்ற வேண்டிய கடமையாக அதை வைத்திருக்கிறது. மாறுதல் ஆணை ஒரு நிர்வாக முடிவு. மாற்றப்படும் ஊழியர் அதனால் பாதிக்கப்படுபவர். காரணத்தை ஆணையிலேயே இரண்டு வரியில் எழுதுவதும், ஆணை பிறப்பித்தவரல்லாத மேலதிகாரி ஒருவர் ஊழியரின் முறையீட்டைப் பதினைந்து நாட்களுக்குள் எழுத்தில் தீர்ப்பதும், அதுவரை விடுவிப்பை நிறுத்திவைப்பதும் நிர்வாகத்தை முடக்கும் அளவுக்குப் பெரிய சுமைகள் அல்ல. உண்மையான நிர்வாகத் தேவை இருக்கும் இடத்தில் அந்த இரண்டு வரிகளை எழுதுவது எளிது. எழுதக் கூச்சப்படும் காரணத்துக்காகப் பிறப்பிக்கப்படும் ஆணைக்குத்தான் அது தடையாக அமையும்.